பிடித்து விட்ட மீனும் எழுதி வைத்த கணக்கும்

வட துருவத்துக்குப் பக்கத்தில் இருக்கும் நாடுகளில் குளிர்காலம் வந்தால் ஏரிகள் உறைந்து போகும். அந்தப் பனிக்கட்டியில் துளை போட்டு, தூண்டிலை உள்ளே இறக்கி மீன் பிடிப்பது அந்த ஊர்க்காரர்களின் பழைய வழக்கம். இப்போது அதுவே ஒரு சுற்றுலாத் தொழிலாகவும் ஆகிவிட்டது. வெளியூர்க்காரர் பணம் கட்டுவார். உள்ளூர்க்காரர் அவரைக் கூட்டிக்கொண்டு போய், எங்கே துளை போட வேண்டும், எவ்வளவு ஆழம் விட வேண்டும் என்று சொல்லிக் கொடுப்பார். தலைமுறை தலைமுறையாக வந்த அறிவுக்குக் கிடைக்கும் கூலி அது.

நம் பக்கம் ஏற்காட்டு ஏரி எந்த மார்கழியிலும் உறைவதில்லை. வெள்ளக்கடைக்காரர்களுக்குப் பனி என்றால் விடியற்காலையில் காப்பிச் செடிகளின் மேல் இறங்கும் மூடுபனிதான். ஆனால் இதே மாதிரியான ஒரு தொழில் நமக்குப் பக்கத்திலேயே பல வருடங்கள் நடந்தது. அது நடந்த இடம் காவிரி. சேர்வராயன் மலையில் பெய்யும் மழையில் ஒரு பங்கு திருமணிமுத்தாறாகவும் சரபங்கா நதியாகவும் இறங்கி, மேட்டூருக்குக் கீழே அந்தக் காவிரியில்தான் கலக்கிறது. இந்தக் கதை மேட்டூருக்கு மேலே, ஒகேனக்கல்லையும் தாண்டி, கர்நாடகக் காட்டுக்குள் நடந்தது.

அந்த மீன்

மீனின் பெயர் மகசீர். கெண்டை இனத்தைச் சேர்ந்தது. கெண்டை என்றதும் குழம்புச் சட்டியில் போடும் அளவு மீனை நினைத்துவிடக் கூடாது! 1946-ல் மைசூர் பக்கம் கபினி ஆற்றில் டி வெட் வான் இங்கன் என்பவர் தூண்டிலில் பிடித்த மகசீர் 120 பவுண்டு இருந்தது. அதாவது சுமார் 54 கிலோ. ஒரு ஆளின் எடை!

மகசீரில் பல வகை உண்டு. காவிரிக்கு என்றே ஒரு வகை இருந்தது. தலைக்குப் பின்னால் முதுகு காளையின் திமில் மாதிரி உயர்ந்திருக்கும். இதைத் திமில் மகசீர் என்று வைத்துக்கொள்வோம். காவிரியையும் அதன் துணையாறுகளையும் தவிர உலகத்தில் வேறு எங்கும் இது கிடையாது.

வெள்ளைக்காரர் காலம்

சென்னை மாகாணத்தில் அதிகாரியாக இருந்த ஹென்றி சல்லிவன் தாமஸ் 1873-ல் 'தி ராட் இன் இந்தியா' என்ற புத்தகத்தை வெளியிட்டார். இந்திய ஆறுகளில் தூண்டில் போடுவது எப்படி என்று சொல்லும் புத்தகம். அதில் மகசீருக்குத்தான் முதல் மரியாதை. அதன் பிறகு தூண்டிலும் கையுமாக மலையாறுகளைத் தேடிப் போவது அதிகாரிகளுக்கும் தோட்டக்காரர்களுக்கும் பெரிய பொழுதுபோக்காகவே ஆனது.

ஆற்றில் வெடி போட்டும் விஷம் கலந்தும் மீன் பிடிப்பது அப்போதே ஒரு பிரச்சினையாக இருந்தது. 1897-ல் வந்த இந்திய மீன்வளச் சட்டம் இந்த இரண்டையும் தடை செய்தது. சட்டம் வந்தது, ஆனால் வெடி நிற்கவில்லை. ஒரு குச்சி வெடி போதும், அந்த மடுவில் இருக்கிற பெரிசு, சிறிசு, முட்டை எல்லாம் ஒரே நொடியில் முடிந்துவிடும்.

போதாததற்கு அணைகளும் வந்தன. மேல்காவிரியில் 1931-ல் கிருஷ்ணராஜ சாகர், கீழே 1934-ல் மேட்டூர். முட்டையிட ஆற்றை எதிர்த்து மேலே ஏறும் மீனுக்கு அணை என்பது சுவர்தான். சுதந்திரத்துக்குப் பிறகு வெள்ளைக்காரர்கள் போனார்கள். காவிரியின் பெரிய மீனை வெளியுலகம் மறந்து போனது.

1978

இங்கிலாந்திலிருந்து மூன்று தூண்டில்காரர்கள் மகசீரைத் தேடி இந்தியாவுக்கு வந்தார்கள். 'டிரான்ஸ் வேர்ல்டு ஃபிஷிங் டீம்' என்று தங்களுக்குப் பெயர் வைத்துக்கொண்டார்கள். 1978-ல் காவிரியில் அவர்கள் பிடித்த மீன்களைப் பார்த்த பிறகுதான், அந்தப் பெரிய மீன் இன்னும் இருக்கிறது என்று உலகத்துக்குத் தெரிந்தது.

அதன் பிறகு முகாம்கள் வந்தன. பெங்களூரில் 1972-ல் தொடங்கிய தென்னிந்திய வனவிலங்குச் சங்கம் ஆற்றின் ஒரு பகுதியைக் குத்தகைக்கு எடுத்துப் பாதுகாத்தது. கர்நாடக அரசின் ஜங்கிள் லாட்ஜஸ் நிறுவனம் பீமேஸ்வரி, காலிபோரே, தொட்டமாக்கலி ஆகிய இடங்களில் தூண்டில் முகாம்களை நடத்தியது. ஐரோப்பாவிலிருந்தெல்லாம் ஆட்கள் வந்து தங்கினார்கள். பிடித்த மீனை எடை போட்டு, படம் எடுத்துக்கொண்டு, உயிரோடு ஆற்றிலேயே விட்டுவிட வேண்டும் என்பது விதி.

பரிசல்காரர்தான் வாத்தியார்

விலை உயர்ந்த தூண்டில் வெளிநாட்டுக்காரர் கையில் இருக்கலாம். ஆனால் மீன் எங்கே இருக்கிறது என்று தெரிந்தவர் உள்ளூர்க்காரர். எந்தப் பாறைக்குப் பின்னால் நீர் சுழலும், எந்த மடுவில் எந்த மாதத்தில் மீன் ஒதுங்கும் என்பது அவருக்கு மனப்பாடம். தூண்டிலுக்கு இரை என்ன தெரியுமா? கேழ்வரகு மாவு! களி மாதிரி வேக வைத்து, கெட்டியாகப் பிசைந்து, எலுமிச்சம்பழ அளவுக்கு உருட்டி முள்ளில் பொதிந்து விடுவார்கள்.

மீன் கவ்விவிட்டால் ஓட்டத்தில் தூண்டில் நரம்பு பாறையில் சிக்கும். உடனே பரிசலைத் தள்ளிக்கொண்டு மீனின் பின்னால் போக வேண்டும். கரையில் நின்று இழுத்தால் நரம்பு அறுந்துவிடும். பரிசல்காரர் இல்லை என்றால் இந்த ஆட்டமே இல்லை.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. இந்த வழிகாட்டிகளில் சிலர் அதற்கு முன்னால் வெடி போட்டு மீன் பிடித்தவர்கள். செத்த மீனை விற்றால் ஒரு தடவைதான் காசு. உயிரோடு விட்ட மீன் அடுத்த வருடமும் ஒரு விருந்தாளியைக் கூட்டிக்கொண்டு வரும். வணிகவியல் வகுப்பில் மூலதனத்தையும் வருமானத்தையும் வேறு வேறாகப் பார்க்கச் சொல்வார்கள். மீன்தான் மூலதனம் என்பதைப் பாடப் புத்தகம் இல்லாமலேயே அவர்கள் புரிந்துகொண்டார்கள். வெடி போட வருகிற வெளியாட்களை விரட்டும் காவலும் முகாம்களால் நடந்தது.

பதிவேடு சொன்ன கதை

முகாம்களில் இன்னொரு நல்ல பழக்கம் இருந்தது. யார் எத்தனை மணி நேரம் தூண்டில் போட்டார்கள், எத்தனை மீன் பிடித்தார்கள், ஒவ்வொன்றும் எவ்வளவு எடை என்று எழுதி வைத்தார்கள். பெருமைக்காக எழுதிய கணக்குதான். ஆனால் அந்தக் காட்டாற்று மீனைப் பற்றி அத்தனை வருடங்களுக்குத் தொடர்ச்சியாக இருந்த கணக்கு அதுதான்.

ஏட்ரியன் பிண்டர், ராஜீவ் ராகவன் முதலிய ஆய்வாளர்கள் காலிபோரே முகாமின் 1998 முதல் 2012 வரையிலான கணக்கை எடுத்துப் பார்த்தார்கள். மொத்தம் 23,620 மணி நேரம் தூண்டில் போட்டு 6,161 மகசீர் பிடித்திருக்கிறார்கள். சராசரியாக ஒரு மீனுக்கு நாலு மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. மிகப் பெரியது 104 பவுண்டு, சுமார் 47 கிலோ.

வருடம் போகப் போக ஒரு மணி நேரத்துக்குக் கிடைக்கும் மீன்களின் எண்ணிக்கை கூடிக்கொண்டே போனது. ஆஹா, பாதுகாப்பு வெற்றி என்று தோன்றும். ஆனால் மீனின் சராசரி எடை குறைந்துகொண்டே வந்தது. குஞ்சுகள் நிறைய பிழைத்து வளர்கின்றன என்று இதற்கு அர்த்தம் சொல்லலாம். அதுவும் சரிதான். கேள்வி என்னவென்றால், யாருடைய குஞ்சுகள்?

விடை 2015-ல் வெளிவந்த இன்னொரு ஆய்வில் இருந்தது. பெருகியது திமில் மகசீர் அல்ல, நீலத்துடுப்பு மகசீர். மகாராஷ்டிரப் பக்கத்து ஆறுகளைச் சேர்ந்தது. லோனாவாலாவில் இருக்கும் டாடா நிறுவனத்தின் பண்ணையில் 1970-களிலிருந்து இந்த வகையைக் குஞ்சு பொரிக்க வைத்தார்கள். மகசீரைக் காப்பாற்றுகிறோம் என்ற நல்ல எண்ணத்தில் அந்தக் குஞ்சுகளைக் காவிரியிலும் கொண்டுவந்து விட்டார்கள். விருந்தாளி வீட்டில் பெருகினான். வீட்டுக்காரன் குறைந்துகொண்டே போனான். கடைசி வருடங்களில் திமில் மகசீர் எப்போதாவது ஒன்று கிடைத்தது. அதுவும் வயதான பெரிய மீன். குட்டி மீன்களைக் காணவே இல்லை.

ஒரு கடையின் மொத்த விற்பனை ஏறிக்கொண்டே இருக்கிறது, ஆனால் அந்தக் கடைக்குப் பெயர் வாங்கிக் கொடுத்த சரக்கு அலமாரியில் தீர்ந்துவிட்டது என்றால் எப்படி? அப்படித்தான். மொத்தத்தை மட்டும் பார்த்தவர்களுக்கு லாபம் தெரிந்தது. பிரித்துப் பார்த்தபோதுதான் நஷ்டம் தெரிந்தது.

பெயர் இல்லாத மீன்

இன்னும் ஒரு ஆச்சரியம். 150 வருடங்களாக உலகப் புகழ் பெற்ற இந்த மீனுக்கு உறுதியான அறிவியல் பெயரே இல்லை! பெயர் இல்லாத ஒன்றை அழியும் உயிரினங்களின் பட்டியலில் எப்படிச் சேர்ப்பது?

2018-ல்தான் இது தீர்ந்தது. கோவை பாரதியார் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவரும் இடம்பெற்ற ஒரு குழு, நீலகிரிக்குக் கீழே ஓடும் மோயாற்றில் கிடைத்த மீன்களை ஆராய்ந்தது. மரபணுவையும் உடலமைப்பையும் ஒப்பிட்டுப் பார்த்தபோது, கேரளத்தின் பாம்பாற்றிலிருந்து 'டார் ரெமாதேவி' என்று பெயரிடப்பட்ட மீனும் இதுவும் ஒன்றுதான் என்று தெரிந்தது. பாம்பாறு கிழக்கே ஓடி நம் அமராவதியில் சேரும் ஆறு. அதே வருடம் உலக இயற்கைப் பாதுகாப்புச் சங்கம் இதை 'மிக ஆபத்தான நிலையில் உள்ள இனம்' என்று அறிவித்தது. அதற்கு அடுத்த படி காட்டில் இல்லாமலே போவதுதான்.

முகாம் மூடியது

காலிபோரே பதிவேடு 2012-ல் நிற்பதற்குக் காரணம் உண்டு. அந்த ஆற்றங்கரை 1987-லிருந்து காவிரி வனவிலங்குச் சரணாலயம். 1972-ம் வருடத்து வனவிலங்குச் சட்டப்படி, சரணாலயத்துக்குள் தூண்டில் போடுவதும் வேட்டைதான் என்ற நிலைப்பாடு வந்தது. அதோடு தூண்டில் நாட்கள் முடிந்தன.

சட்டத்தின் பக்கம் நியாயம் இல்லாமல் இல்லை. முள் குத்தி இழுத்துப் பிடித்து விடுவது மீனுக்கு வலி இல்லாத விளையாட்டு அல்ல. சரணாலயம் என்றால் எல்லா உயிருக்கும்தான் சரணாலயம். மறுபக்கம், பரிசல்காரருக்கு அந்தச் சம்பளம் போனது, கரையில் நின்ற கண்களும் குறைந்தன. கணக்கு எழுதும் பழக்கமும் அங்கே அறுந்தது.

தமிழ்நாட்டுப் பக்கம் கிருஷ்ணகிரி, தர்மபுரி மாவட்டக் காடுகளில் 2022-ல் காவிரி தெற்கு வனவிலங்குச் சரணாலயம் அறிவிக்கப்பட்டது. இப்போது இரண்டு மாநிலங்களிலும் ஆற்றோரக் காட்டுக்குச் சட்டக் காவல் இருக்கிறது. மோயாற்றில் திமில் மகசீர் இன்னும் இருப்பது பெரிய ஆறுதல். அங்கே வேறு ஆற்றுக் குஞ்சுகளைக் கொண்டுபோய் விடாமல் இருந்தாலே பாதி உதவி செய்தது போல.

பரிசலில் வந்தவர்கள் பொழுதுபோக்க வந்தவர்கள். கூட்டிக்கொண்டு போனவர்கள் கூலிக்குப் போனவர்கள். இரண்டு பேருமே ஒரு இனத்தைக் காப்பாற்றப் போகிறோம் என்று நினைத்திருக்க மாட்டார்கள். ஆனாலும் சாயங்காலம் முகாமுக்குத் திரும்பி, கை ஈரத்தைத் துடைத்துக்கொண்டு எழுதி வைத்த அந்த நாலு வரிகள் இல்லை என்றால், காவிரி தன் சொந்த மீனை இழந்துகொண்டிருக்கிறது என்பதே வெளியே தெரிந்திருக்காது.