ஏலத்திற்கும் உறுதிப்படுத்தலுக்கும் இடையே: நீதிமன்ற ஏலத்தை எதிர்க்கும் கடனாளியின் உரிமை (1859–1938)

முன்னுரை

'நிலம் ஏலத்தில் போய்விட்டது' என்னும் தொடர், ஊர் வழக்கில் முடிந்துபோன ஒன்றைக் குறிக்கும். சட்டத்தின் பார்வை வேறு. மூன்றுதரம் கூவி முடித்ததும் நீதிமன்ற விற்பனை நிறைவடைவதில்லை. நீதிமன்றம் அதனை உறுதிப்படுத்திய பின்னரே முழுமை பெறுகிறது. இவ்விடைக்காலத்தில் கடனாளி எதனைக் காட்டி ஏலத்தை நீக்கக் கோரலாம் என்ற வினாவிற்குச் சட்டம் காலந்தோறும் வெவ்வேறு விடைகளைத் தந்துள்ளது. பிரிட்டிஷ் இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டங்களையும் சென்னை மாகாணத்தின் 1938ஆம் ஆண்டுச் சட்டத்தையும் கொண்டு அவ்விடைகளை இக்கட்டுரை ஆராய்கிறது. எதிர்ப்புரிமையின் அடிப்படை, நடைமுறைக் குறையிலிருந்து பணத்திற்கும், பணத்திலிருந்து கடனின் நியாயத்திற்கும் நகர்ந்தது என்பது இதன் கருதுகோள்.

குறையை மெய்ப்பித்தல்

1859ஆம் ஆண்டின் எட்டாம் சட்டம், ஏலம் நடந்த 30 நாட்களுக்குள் அதனை எதிர்த்து மனுச் செய்ய இடமளித்தது. ஆயினும் இரண்டு கூறுகளை மெய்ப்பிக்க வேண்டியிருந்தது. ஏலத்தை அறிவித்ததிலோ நடத்தியதிலோ முக்கியமான முறைகேடு நிகழ்ந்திருக்க வேண்டும். அம்முறைகேட்டினால் மனுதாரருக்குக் கணிசமான இழப்பு நேர்ந்திருக்க வேண்டும். தண்டோரா போடவில்லை என்று காட்டினால் மட்டும் போதாது. நிலம் அடிமாட்டு விலைக்குப் போயிற்று என்று காட்டினாலும் போதாது. இரண்டிற்குமுள்ள காரணத் தொடர்பை நிறுவும் சுமை கடனாளியின் மேலேயே விழுந்தது. 1882ஆம் ஆண்டுச் சட்டத்தின் 311ஆம் பிரிவும், 1908ஆம் ஆண்டுச் சட்டத்தின் 21ஆம் கட்டளை 90ஆம் விதியும் இவ்விரட்டை நிபந்தனையைத் தொடர்ந்தன.

இக்கடுமைக்கு ஒரு காரணம் இருந்தது. நீதிமன்ற ஏலத்தில் வாங்கிய சொத்து நிலைக்காது என்ற அச்சம் பரவினால் கேட்பவர் குறைவர், விலை வீழும், அவ்விழப்பும் இறுதியில் கடனாளியையே சேரும். 1900இல் பிரிவி கவுன்சில் தீர்த்த மல்கார்ஜுன் எதிர் நரஹரி வழக்கு இதற்குச் சான்று. இறந்த கடனாளியின் வாரிசு அல்லாத ஒருவருக்கு அறிவிப்பு அனுப்பி, அவர் மறுத்துரைத்த பின்னும் நீதிமன்றம் ஏலத்தை நடத்தியிருந்தது. நீதிமன்றம் தவறாக முடிவு செய்திருப்பினும் முடிவு செய்யும் அதிகாரம் அதற்கு இருந்தது; ஆதலின் அவ்விற்பனை தானே செல்லாததாகிவிடாது, உரிய காலத்திற்குள் அதனை நீக்கக் கோரியிருக்க வேண்டும் என்று பிரிவி கவுன்சில் கூறியது. உண்மையான வாரிசுகளுக்கு அவர்களது நியாயம் பயன்படவில்லை, காலம் கடந்திருந்தது.

பணம் செலுத்தி மீட்டல்

1894ஆம் ஆண்டின் ஐந்தாம் சட்டம் 310அ என்னும் பிரிவைச் சேர்த்து இரண்டாவது வழியைத் திறந்தது. ஏல அறிவிப்பில் கண்ட தொகையைத் தீர்ப்பாணை பெற்றவருக்காகவும், ஏல விலையில் நூற்றுக்கு ஐந்து விழுக்காட்டை வாங்கியவருக்காகவும் 30 நாட்களுக்குள் செலுத்தினால் ஏலம் நீங்கும். நிலம் 1,000 ரூபாய்க்குப் போயிருந்தால் வாங்கியவர் 50 ரூபாய் ஈடு பெறுவார். எந்த முறைகேட்டையும் மெய்ப்பிக்க வேண்டியதில்லை. 1908ஆம் ஆண்டுச் சட்டத்தில் இது 89ஆம் விதியாயிற்று.

இவ்வழியிலும் இரு தடைகள் இருந்தன. முன்னர்க் கடனை அடைக்க இயலாதவர் ஒரு மாதத்தில் முழுத் தொகையையும் திரட்ட வேண்டும். அதற்கு வேறொரு கடனையே நாடும் நிலை எழும். மேலும், 90ஆம் விதியின்கீழ் முறைகேட்டைச் சாட்டி மனுச் செய்தவர், அம்மனுவைத் திரும்பப் பெறாமல் 89ஆம் விதியின் பயனைப் பெற இயலாது. நிலத்தை மீட்க விரும்பியவர் குற்றச்சாட்டைக் கைவிட வேண்டியிருந்தது.

கடனையே வினவுதல்

மேற்கண்ட இரு வழிகளும் கடன் தொகையைக் கேள்விக்கு உட்படுத்தவில்லை. 1929இல் தொடங்கிய பெருமந்தத்தில் விளைபொருள் விலை சரிந்தது. கடனோ எழுதிய தொகையிலேயே நின்றது. இப்பின்னணியில் இராஜாஜி அமைச்சரவை கொண்டுவந்த 1938ஆம் ஆண்டுச் சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், 1932 அக்டோபர் 1ஆம் நாளுக்கு முற்பட்ட கடன்களில் 1937 அக்டோபர் 1 அன்று நிலுவையிலிருந்த வட்டியை நீக்கியது. அசலைப் போல் இருமடங்கு ஏற்கெனவே செலுத்தப்பட்டிருந்தால் கடன் முழுவதும் தீர்ந்ததாகக் கொண்டது. அதன் 23ஆம் பிரிவு, 1937 அக்டோபர் 1 அன்றோ அதன் பின்னரோ நடந்த ஏலங்களை எதிர்த்து 90 நாட்களுக்குள் மனுச் செய்ய வழிவகுத்தது. ஏலத்தில் குறை இருந்ததா என்ற வினா இங்கு எழவில்லை. கடனாளி விவசாயியா என்பதே வினா. ஆயினும் நிலத்தில் உரிமையுடையோரையே விவசாயி என்னும் சொல் தழுவியது. நிலமற்ற கூலியாளின் கடன் அதற்கு வெளியே நின்றது.

முடிவுரை

எதிர்ப்புரிமை விரிந்தபோதும் அது ஒவ்வொரு கட்டத்திலும் வெவ்வேறு கடனாளிக்குப் பயன்பட்டது. முதல் வழி சான்று திரட்ட வல்லவருக்கும், இரண்டாவது பணம் திரட்ட வல்லவருக்கும், மூன்றாவது சட்டம் வரையறுத்த விவசாயிக்கும் உரியதாயிற்று. நிலக் கைமாற்றத்தை ஆராய்வோர்க்கு இதில் ஒரு முறையியல் எச்சரிக்கையும் உண்டு. ஏலப் பதிவு ஒன்றைக் கொண்டு நிலம் இழக்கப்பட்டது என முடிவு செய்தல் பொருந்தாது. உறுதிப்படுத்தல் ஆணையையும், அதற்கு முன் எழுந்த மனு எவ்வகையினது என்பதையும் உடன்வைத்துப் படிக்கும்போதே, கடனாளி நிலத்தை இழந்தாரா, மீட்டாரா, மீட்பதற்காக மற்றொரு கடனில் வீழ்ந்தாரா என்பது புலனாகும்.