கைதியைக் கேட்காத கப்பல்

கங்காணியின் சொல்லை நம்பி நம் பாட்டன்மார் கப்பலேறுவதற்குப் பல்லாண்டுகள் முன்பே, கைதிகளாக இக்கடலைக் கடந்த தமிழர்கள் உண்டு. தீவாந்தர தண்டனை பெற்றுச் சென்னையிலிருந்து சுமத்திராவின் பென்கூலனுக்கு அனுப்பப்பட்டவர்கள் அவர்கள்.

பென்கூலனில் 1818இல் பொறுப்பேற்ற ராபிள்ஸ், கைதிகளை மூன்று வகுப்பாகப் பிரித்தார். மூன்றாண்டு தங்கி, நன்னடத்தையால் முதல் வகுப்பை அடைந்தவன் நீதிமன்றத்தில் சாட்சி சொல்லலாம், நிலத்தில் குடியேறலாம். அந்த நிலம் அவன் பிள்ளைகளுக்கும் உரியது என்றார். நல்ல ஏற்பாடுதான். ஆனால் அது அதிகாரி தந்த சலுகை. சட்டம் தந்த உரிமையன்று.

1824இல் ஆங்கிலேயர் உடன்படிக்கை செய்து பென்கூலனை டச்சுக்காரரிடம் விட்டனர். தோட்டம் கைமாறும்போது தொழிலாளியை யார் கேட்டார்கள்? கைதியையும் கேட்கவில்லை. 1825 ஏப்ரல் 18ஆம் நாள், சென்னையிலிருந்து முன்பு அனுப்பப்பட்ட 80 பேர் சிங்கப்பூரில் இறக்கப்பட்டனர். தண்டித்தது நீதிமன்றம், எந்த ஊரில் அதைக் கழிப்பது என்று முடிவு செய்ததோ அரசாங்க அலுவலகம். பின்வந்த கைதிகள் சிங்கப்பூரில் சாலை போட்டனர். செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயத்தைக் கட்டினர்.

1873இல் அங்கிருந்த சிறை கலைக்கப்பட்டது. தண்டனை முடியாதவர்களை மீண்டும் கப்பலேற்றி அந்தமானுக்கு அனுப்பினார்கள்.