தொலைபேசியின் அடையாள இலக்கம்: திருத்துவது வேறு, மாற்றுவது வேறு

கல்முனை, சாய்ந்தமருது, மருதமுனை, அக்கரைப்பற்று என நமது கரையோர நகரங்கள் எங்கும் கையடக்கத் தொலைபேசி திருத்தும் கடைகள் பெருகியுள்ளன. இத்தொழிலில் 'ஐ.எம்.ஈ.ஐ. திருத்தம்' என்ற பெயரில் நடைபெறும் வேலையின் சட்டப் பொறுப்புகளைப் பாவனையாளரும் கடைக்காரரும் அறிந்திருத்தல் அவசியமாகும்.

சிம் அட்டை சந்தாதாரரை அடையாளப்படுத்துகின்றது, ஐ.எம்.ஈ.ஐ. இலக்கமோ கருவியை அடையாளப்படுத்துகின்றது. 15 இலக்கங்களைக் கொண்ட இதில் முதல் எட்டும் கருவியின் மாதிரியையும், அடுத்த ஆறும் அதன் தொடரிலக்கத்தையும் குறிக்கும். இறுதி இலக்கம் சரிபார்ப்புக்குரியது. *#06# என அழுத்தினால் இது திரையில் தோன்றும். களவுபோன கருவியை வலையமைப்பில் தடை செய்வதற்கும் தேடிக் கண்டுபிடிப்பதற்கும் இதுவே ஆதாரம்.

மென்பொருளை மீளப் பதியும்போதோ, நினைவகம் பழுதடையும்போதோ இவ்விலக்கம் அழிந்துபோவதுண்டு. பெட்டியில் அச்சிடப்பட்டுள்ள அதே இலக்கத்தை மீண்டும் பதிவது திருத்தம். வேறொரு கருவியின் இலக்கத்தைப் பதிவது அடையாளத்தை அழிப்பதாகும். இரண்டையும் ஒரே பெயரால் அழைப்பதிலேயே ஆபத்து தொடங்குகின்றது.

பிரித்தானியா 2002 இல் இயற்றிய சட்டம், உற்பத்தியாளரோ அவரது எழுத்துமூல அனுமதி பெற்றவரோ அல்லாத எவரும் இவ்விலக்கத்தை மாற்றுவதைக் குற்றமாக்கி, ஐந்து ஆண்டுகள் வரை சிறைத்தண்டனை விதித்தது. இந்தியா 2017 இல் இதற்கெனத் தனி விதிகளை வெளியிட்டது. அதன் 2023 ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டம் மூன்று ஆண்டுகள் வரை சிறை, 50 இலட்சம் ரூபா வரை அபராதம் என வகுத்துள்ளது. 2020 இல் இந்தியாவின் மீரட் நகரில், திருத்தக் கொடுத்து மீளப்பெற்ற ஒரு கருவியைப் பொலிஸார் ஆராய்ந்தபோது, ஒரே இலக்கத்தில் 13,000 இற்கு மேற்பட்ட கருவிகள் இயங்கியமை தெரியவந்தது. அத்தகைய நிலையில் குற்றவாளியைத் தேடும் விசாரணை நிரபராதியின் வாசலிலும் வந்து நிற்கலாம்.

நமது நாட்டின் தண்டனைச் சட்டக்கோவையின்படி, களவுப் பொருளென அறிந்தோ, அவ்வாறு நம்பக் காரணமிருந்தோ அதனை நேர்மையீனமாகப் பெறுவதும் வைத்திருப்பதும் குற்றமாகும். அதனை மறைப்பதற்கு உதவுவதும் அவ்வாறே. 'வாடிக்கையாளர் கேட்டார், செய்தேன்' என்பது தக்க விடையாகாது.

பதிவு செய்யப்படாத கருவிகளைப் புதிதாக வலையமைப்பில் இணைப்பது 2025 ஜனவரி 28 முதல் கட்டுப்படுத்தப்படும் எனத் தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தல் ஆணைக்குழு அந்த ஆண்டில் அறிவித்தது. வளைகுடா நாடுகளில் உழைப்போர் தம் குடும்பத்தாருக்குத் தொலைபேசி கொண்டுவருவது வழக்கமான நமது பிரதேசத்தில் இது முக்கியமானது. இத்தகைய கருவிக்கு இன்னொன்றின் இலக்கத்தைப் பதிவது குறுக்குவழியாகத் தோன்றலாம். முறையாகக் கொண்டுவந்த பொருளை அது சந்தேகத்துக்குரியதாக்கிவிடும். ஆணைக்குழுவை நாடுவதே நேரிய வழி.

பழைய கருவி வாங்குவோர், ஐ.எம்.ஈ.ஐ. என ஆங்கிலத்தில் இட்டு, இடைவெளி விட்டு, இலக்கத்தை எழுதி 1909 இற்குக் குறுந்தகவல் அனுப்பிப் பரிசோதிக்கலாம். கருவியைத் தொலைத்தவர் தாமதமின்றிப் பொலிஸில் முறையிட வேண்டும். கடைக்காரர் பெட்டி, பற்றுச்சீட்டு, உரிமையாளரின் அடையாள அட்டை ஆகியவற்றைப் பார்த்த பின்னரே இலக்கத்தில் கைவைக்க வேண்டும். செய்த வேலையைப் பதிவேட்டில் குறித்து வைப்பது அவருக்கே பாதுகாப்பாகும்.

திருத்தக் கொடுக்கப்பட்ட பொருள் ஓர் அமானிதம். அதன் உண்மையான அடையாளத்துடன் உரியவரிடம் ஒப்படைப்பதும் அந்த அமானிதத்தில் அடங்கும் என்பதை நாம் வலியுறுத்த விரும்புகின்றோம்.