பரேஷ் பாபுவும் எங்கள் கேஷியர் தாதாவும்

கொல்கத்தாவுக்கு மாற்றலாகி வந்த புதிது. பதவி உயர்வுப் பட்டியல் வந்தது. என் பெயர் அதில் இல்லை. மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஓய்வு பெற நாலே மாதம் இருந்த எங்கள் ஹெட் கேஷியர் தாதா, மண் குவளையில் டீயை நீட்டி, "ஞாயிற்றுக்கிழமை 'பரஷ் பாத்தர்' பாருங்க சாஹேப். நம்ம மாதிரி பேங்க் ஆள் கதைதான்" என்றார்.

பார்த்தேன். 1958-ல் வந்த சத்யஜித் ரேயின் படம். பரேஷ் சந்திர தத்தா என்று ஒரு வங்கி குமாஸ்தா. வயதான காலத்தில் வேலைக்கு உலை வைக்கிறார்கள். மழையில் நனைந்தபடி கர்சன் பார்க்கில் ஒரு கல்லைக் கண்டெடுக்கிறார். இரும்பில் பட்டால் தங்கம்! அப்புறம் என்ன, வீடு, கார், மாலை, மரியாதை. ரகசியம் கசிந்ததும் தங்கம் விலை சரிந்து ஊரே பதறுகிறது. பி.காம். படித்த எனக்கு அந்த இடம் ரொம்பப் பிடித்தது. :-)

பரேஷ் பாபுவாக நடித்தவர் துளசி சக்ரவர்த்தி. வழுக்கை, தொந்தி, உருண்டைக் கண்கள். நம்ம வி.கே.ராமசாமி மாதிரி, திரையில் வந்தாலே வீட்டுப் பெரியவர் வந்த மாதிரி இருக்கும்.

1899-ல் பிறந்தவர். சர்க்கஸ், அச்சகம் என்று அலைந்து, ஸ்டார் தியேட்டரில் அபரேஷ் சந்திர முகோபாத்யாயிடம் நடிப்பு கற்றார். 1932-ல் சினிமாவுக்கு வந்தார். பிறகு வரிசையாகச் சின்னச் சின்ன வேஷங்கள். 1953-ல் 'ஷாரே சுவாத்தர்' படத்தில் மெஸ் நடத்தும் ரஜனி பாபு. உத்தம் குமார் - சுசித்ரா சென் ஜோடி முதலில் சேர்ந்த படம் என்று அதை வரலாறு சொல்லும். ஆனால் படத்தைத் தாங்குவது இவரும், மனைவியாக வரும் மலினா தேவியும்தான். 'பதேர் பாஞ்சாலி'யில் (1955) மளிகைக் கடையிலேயே பள்ளிக்கூடம் நடத்தும் வாத்தியார். ஒரு பக்கம் வியாபாரம், மறுபக்கம் பிரம்பு! வருவது கொஞ்ச நேரம். மறக்க முடிகிறதா?

'பரஷ் பாத்தர்' வந்தபோது அவருக்கு 58 வயது. சினிமாவுக்கு வந்து 26 வருஷம் கழித்துத்தான் ஒரு முழுப் படம் அவர் தோளில் ஏறியது. அதற்குப் பிறகாவது வாழ்க்கை மாறியதா? இல்லை. மறுபடி அதே சின்ன வேஷங்கள். 1961 டிசம்பர் 11-ல் காலமானார். கடைசிவரை பணக்கஷ்டம் தீரவில்லை என்று இங்கே பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். திரையில் தொட்டதெல்லாம் தங்கமாக்கியவர்!

திங்கட்கிழமை தாதாவிடம், "இவ்வளவு பெரிய நடிகருக்கு இது அநியாயம் இல்லையா?" என்று கேட்டேன்.

"அநியாயம்தான். ஆனா அவரோட எந்தக் காட்சியிலயாவது அந்தக் கோபம் தெரிஞ்சுதா சாஹேப்?" என்று சொல்லிவிட்டு, நோட்டு எண்ணப் போய்விட்டார். நாலு மாதம் கழித்து ஓய்வு பெற்ற அன்றும் ஒரு ரூபாய் கூடக் குறையாமல் கணக்கை ஒப்படைத்துவிட்டுத்தான் மாலையைக் கழுத்தில் வாங்கிக்கொண்டார்.

நான் சமாதானம் ஆகிவிட்டேன் என்று சொன்னால் பொய். அடுத்த வருஷப் பட்டியலையும் முதல் ஆளாகத்தான் போய்ப் பார்த்தேன். ஆனால் கவுண்டரில் நின்ற பென்ஷன்காரர்களிடம் மூஞ்சியைக் காட்டுவதை மட்டும் அன்றோடு விட்டுவிட்டேன்.

வெளியூரில் இருக்கும் நம் குடும்பங்களுக்கு ஒரு சிபாரிசு: குழந்தைகளோடு உட்கார்ந்து இந்தப் படத்தைப் பாருங்கள். வங்காளம் தெரியாவிட்டால் பரவாயில்லை; அந்தக் கண்கள் போதும்.