வதக்கல்: நீரை அறிந்த வினைச்சொல்

ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் தொழிற்பகுதியில் பல நாட்டு அடுப்புகள் அருகருகே எரிகின்றன. இருங்காட்டுக்கோட்டையில் ஹுண்டாய் நிறுவனத்தின் முதல் சான்ட்ரோ 1998இல் வெளிவந்தது. ஒரகடத்தில் ரெனோ–நிசான் ஆலை 2010இலும், டெய்ம்லர் லாரி ஆலை 2012இலும் திறக்கப்பட்டன. கொரியர், ஜப்பானியர், பிரெஞ்சுக்காரர், ஜெர்மானியர் என்று வேலைக்கு வந்தவர்களோடு அவரவர் சமையலும் வந்து சேர்ந்தது. அவற்றுள் ஒன்று, இறைச்சித் துண்டைச் சுட்டு அதன்மேல் பழுப்பேறிய வெங்காயத்தைப் பரப்பித் தரும் ஸ்டேக். அதை வீட்டில் செய்து பார்க்க விரும்பும் தமிழருக்குக் கிடைக்கும் குறிப்புகளில் வெங்காயத்தைக் ‘கேரமலைஸ்’ செய்யச் சொல்லியிருக்கும். ஏதோ புதுச் செய்முறை போல அந்தச் சொல் மிரட்டுகிறது. ஆனால் அந்த வேலைக்குத் தமிழில் வெகுகாலமாக ஒரு வினைச்சொல் இருக்கிறது: வதக்கு. அது கேரமலைஸைவிடத் துல்லியமானது என்பதும், அதைக் கைவிட்டால் ஒரு சொல்லோடு ஒரு கைப்பக்குவமும் போகும் என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

முதலில் சொல்லின் வடிவத்தைப் பார்ப்போம். அடங்கு–அடக்கு, கலங்கு–கலக்கு, ஒதுங்கு–ஒதுக்கு, முடங்கு–முடக்கு என்னும் வரிசையில் நிற்பது வதங்கு–வதக்கு. மெல்லின ஒற்று வரும் வடிவம் தானே நிகழ்வதைச் சொல்லும். வல்லின ஒற்று வரும் வடிவம் அதை நிகழ வைப்பதைச் சொல்லும். எனவே வதக்கு என்பதன் நேர்ப்பொருள் ‘வதங்கச் செய்’ என்பதே. வதங்குவது என்ன என்பதை அறிய அகராதியைக்கூடப் புரட்ட வேண்டாம். பறித்த கீரை வெயிலில் வதங்குகிறது. பசியிலும் அலைச்சலிலும் ஆள் வாடி வதங்கிப்போகிறார். நொச்சி இலையை வதக்கி ஒத்தடம் கொடுக்கிறோம். இவை எல்லாவற்றுக்கும் பொதுவாக இருப்பது எண்ணெயோ சட்டியோ அன்று. உள்ளிருக்கும் நீர் குறைந்து, விறைப்பு போய்த் துவளுதல். அடுப்படியில் “வெங்காயம் நல்லா வதங்கட்டும்” என்று சொல்லும்போது வெங்காயமே எழுவாயாக நிற்கிறது. சமைப்பவரின் வேலை அது வதங்கும்வரை துணை நிற்பது.

தமிழ்ச் சமையல் வினைகள் பலவும் இப்படி நீரை வைத்தே பிரிந்து நிற்பதைக் கவனிக்கலாம். வறு என்பது வறள், வறட்சி ஆகியவற்றின் இனம். நீர் முற்றிலும் அற்றுப்போக வேண்டிய மல்லிக்கும் மிளகாய்க்கும் வேர்க்கடலைக்கும் உரியது. பொரி என்பது உள்ளிருக்கும் நீர் சட்டென்று ஆவியாகி வெடிப்பதோடு சேர்ந்தது. நெற்பொரியில் தொடங்கி, கொதிக்கும் எண்ணெயில் அப்பளம் பொரிவது வரை அந்தப் பொருள் தொடர்கிறது. வாட்டு என்பது வாழையிலையை அனலில் காட்டிப் பதமாக்குவது. பெரும்பாலும் எண்ணெய் இல்லாமல் நேரே நெருப்பில் நடப்பது. வதக்கு இவற்றுக்கு நடுவில் நிற்கிறது. கொஞ்சம் எண்ணெய், மிதமான தீ, நீர் மெதுவாக வெளியேறுதல், ஆனால் பொருள் வறண்டுபோகாமல் இருத்தல் ஆகிய நான்கையும் அந்த ஒரு சொல் தாங்கியிருக்கிறது.

இனி, அந்தச் சொல் குறிக்கும் பொருள். 100 கிராம் பெரிய வெங்காயத்தில் ஏறத்தாழ 89 கிராம் நீர். சர்க்கரை 4 கிராம் அளவுதான். சின்ன வெங்காயத்தில் நீர் 80 கிராம், சர்க்கரை 8 கிராமுக்குச் சற்றுக் குறைவு. பல்லாரி வெங்காயம் பழுப்பேற அதிக நேரம் எடுப்பதற்கும், சின்ன வெங்காயம் போட்ட வத்தக்குழம்பு தனியாக இனிப்பதற்கும் இந்தக் கணக்கே காரணம். (1953 வரை சென்னை மாகாணத்தோடு இருந்த பெல்லாரியின் பெயரே பெரிய வெங்காயத்துக்குப் பல்லாரி என்று நிலைத்தது.) சட்டியில் நீர் இருக்கும்வரை சூடு 100 டிகிரியைச் சுற்றியே நிற்கும். பழுப்பு நிறமும் ஆழ்ந்த மணமும் தரும் வினைகள் வேகம் பிடிக்க 140 டிகிரி அளவு வேண்டும். ஆகவே நீர் போகாமல் நிறம் வராது. இரண்டு பெரிய வெங்காயத்தை நீளவாக்கில் நறுக்கி, ஒரு கரண்டி எண்ணெயும் ஒரு சிட்டிகை உப்பும் சேர்த்துச் சிறுதீயில் வைத்தால் இது கண்ணெதிரே நடக்கும். முதல் பத்து நிமிடம் சட்டி சளசளக்கும். உப்பு இழுத்துவந்த நீர் அடியில் தேங்கி ஆவியாகும். பிறகு சத்தம் அடங்கும், துண்டுகள் கண்ணாடிபோல ஆகும், குவியல் பாதிக்கும் கீழே இறங்கும். அதன்பின் ஓரங்களில் நிறம் தொடங்கி, அடியில் பழுப்புப் பசை ஒட்டும். ஒரு கரண்டி நீர் தெளித்து அதைச் சுரண்டி வெங்காயத்தோடு கலந்துவிட வேண்டும். இப்படி இரண்டு மூன்று முறை செய்து முக்கால் மணி நேரம் ஆகும்போது, கரும்பழுப்பான, பிசுபிசுப்பான ஒரு கைப்பிடி வெங்காயம் மிஞ்சும். தொடக்கம் முதல் முடிவு வரை நடந்தது நீரைப் போக்கும் வேலைதான்.

கேரமலைஸ் என்ற சொல்லுக்கு அறிவியல் துல்லியம் உண்டு, வதக்கலுக்கு இல்லை என்று இங்கே மறுப்பு எழலாம். உண்மை வேறாக இருக்கிறது. ஸ்பானியத்தில் கராமெலோ என்றும் பிரெஞ்சில் கராமெல் என்றும் வழங்கி ஆங்கிலத்துக்குப் போன அந்தச் சொல், காய்ச்சிப் பழுப்பாக்கிய சர்க்கரையின் பெயர். வேதியியலில் அது சர்க்கரை மட்டும் வெப்பத்தில் சிதையும் வினையைக் குறிக்கும். பழச்சர்க்கரைக்கு அது 110 டிகிரி அளவிலும், கரும்புச் சர்க்கரைக்கு 160 டிகிரி அளவிலும் தொடங்குகிறது. வெங்காயத்தில் நிகழ்வது அது மட்டுமன்று. வெங்காயத்தின் அமினோ அமிலங்களும் சர்க்கரையும் சேர்ந்து பழுப்பாகும் வினைக்கும் அதில் பெரும் பங்கு உண்டு. 1912இல் அதை விளக்கிய பிரெஞ்சு அறிஞர் லூயி கமீல் மயார் பெயரால் அது மயார் வினை எனப்படுகிறது. ஆகவே கேரமலைஸ் என்பது பாதியைச் சொல்லி முழுமைக்குப் பெயர் வைத்த சொல். வதக்கு வேதியியலைப் பற்றி எதுவும் உரிமை கொண்டாடவில்லை. சமைப்பவர் என்ன செய்ய வேண்டும் என்பதைச் சரியாகச் சொல்கிறது. சமையல் குறிப்பில் வரும் வினைச்சொல்லுக்கு அதுதான் வேலை.

இரண்டாவது மறுப்பு வலுவானது. நம் வீடுகளில் வதக்குதல் ஐந்து நிமிட வேலை; முக்கால் மணி நேரக் கரும்பழுப்பை அந்தச் சொல் எப்படித் தாங்கும்? தமிழ்ச் சமையலில் வதக்கு பெரும்பாலும் அடையோடுதான் வருகிறது என்பதே இதற்கு விடை: கண்ணாடிபோல வதக்கு, பொன்னிறமாக வதக்கு, சிவக்க வதக்கு, சுருள வதக்கு. பொறுமையாகச் செய்யும் வெங்காயத் தொக்கு கடைசிப் படியைத் தொட்டுவிடுகிறது. பிற மொழிகளும் இப்படித்தான் படிகளாகப் பிரித்துக்கொள்கின்றன. ஜப்பானியக் குறிப்புகள் வெங்காயம் முதலில் ‘ஷின்னாரி’ ஆகட்டும் என்னும். துவளட்டும் என்று பொருள். பிறகு ‘அமே–இரோ’ ஆகும்வரை கிளறச் சொல்லும். அமே என்பது அவர்களின் மாவுச்சத்துப் பாகு மிட்டாய், இரோ என்பது நிறம். கேரமலை ஆங்கிலத்துக்குத் தந்த பிரெஞ்சு மொழியில்கூட, வெங்காயத்தை முதலில் ‘வியர்க்க வை’ என்றுதான் சமையல்காரர்கள் சொல்கிறார்கள். நீரும் நிறமும்தான் எல்லோருக்கும் அடையாளம். நேரத்தைப் பொறுத்தவரை, கேரமலைஸ் என்ற சொல்லும் யாரையும் காப்பாற்றவில்லை. பத்து நிமிடத்தில் ஆகிவிடும் என்று எழுதும் ஆங்கிலக் குறிப்புகள் ஏராளம்.

வதக்கலின் அருமை ஸ்டேக்கின் அடுத்த பாதியில் இன்னும் தெளிவாகிறது, ஏனென்றால் இறைச்சியை வதக்கக் கூடாது. ஸ்டேக் என்ற ஆங்கிலச் சொல், கம்பியில் கோத்துச் சுடுதலைக் குறித்த பழைய நார்ஸ் மொழிச் சொல்லிலிருந்து வந்தது. முடத்தாமக்கண்ணியார் கரிகாலனைப் பாடிய பொருநராற்றுப்படையிலும் இறைச்சி கம்பியில் கோத்துச் சுடப்படுகிறது. கம்பிக்குக் காழ், இறைச்சித் துண்டுக்குக் குறை, செயலுக்குச் சுடு என்பன அங்கே வரும் சொற்கள். டெய்ம்லரின் தாய்மண்ணான ஜெர்மனியின் ஸ்வாபியப் பகுதியில், வெங்காயம் போட்ட ஸ்டேக்குக்கு ட்ஸ்வீபல்ரோஸ்ட்பிராட்டன் என்று பெயர். அதிலும் வெங்காயத்துக்கு ஒரு சொல், சுடும் இறைச்சிக்கு ஒரு சொல். நம் குழம்பில் கறியை வதக்குகிறோம், உண்மை. “கறி தண்ணி விடும், அதுலயே வேகட்டும்” என்பது அங்கே சரியான அறிவுரை. ஸ்டேக்கில் அதுவே பிழை. தண்ணீர் விட்டால் சட்டியின் சூடு இறங்கும், இறைச்சி பழுப்பாகாமல் சாம்பல் நிறத்தில் அவிந்துபோகும். துணியால் ஒற்றி ஈரம் எடுத்த துண்டை, நன்றாகக் காய்ந்த கல்லில், நெருக்கமில்லாமல் வைக்க வேண்டும். தோசையைச் சுடும் அதே இரும்புக் கல், அதே வினை. வெங்காயத்தில் நீரைப் போக்க வேண்டும், இறைச்சியில் நீரைக் காக்க வேண்டும்; அதனால்தான் இரண்டையும் ஒரே சட்டியில் ஒரே நேரத்தில் போடக் கூடாது. வதக்கு, சுடு என்னும் இரண்டு வினைகளைப் பிரித்தறிந்தவருக்கு இந்த விதியைத் தனியாகக் கற்பிக்க வேண்டியதில்லை.

வேற்றுச் சொற்களை வரவேற்பதுதானே மொழிக்கு அழகு என்பது கடைசி மறுப்பு. வரவேற்கலாம், வரவேற்றும் இருக்கிறோம். குக்கர், கேக், ஸ்டேக் எல்லாம் பொருளோடு வந்த பெயர்கள். அவை அப்படியே இருக்கட்டும். வினைச்சொல் வேறு வகை. அது செய்முறையைச் சுமக்கிறது. ‘ஃப்ரை’ என்ற ஒரே சொல் உணவகப் பட்டியல்களில் புகுந்த பின் என்ன ஆயிற்று என்று பாருங்கள். வதக்கியது, வறுத்தது, பொரித்தது மூன்றும் மட்டன் ஃப்ரை, காளான் ஃப்ரை, மீன் ஃப்ரை என்று ஒன்றாகிவிட்டன. தட்டில் வரப்போவது எண்ணெயில் மூழ்கிப் பொரிந்ததா, மசாலாவோடு வறண்டதா, துவண்டு சுருண்டதா என்று பெயரை வைத்துச் சொல்ல முடியாது. மூன்று அறிவைக் கொடுத்து ஒரு மங்கலான சொல்லை வாங்கினோம். கேரமலைஸும் அதே வழியில் வதக்கலின் படிகளை விழுங்கக்கூடும்.

சுங்குவார்சத்திரத்திலும் வல்லத்திலும் ஒரகடத்திலும் வாடகை அறைகளில் தங்கி ஆலை வேலைக்குப் போகும் இளைஞர்களில் பலர் முதன்முதலாகக் கரண்டி பிடிப்பது அங்கேதான். அவர்களுக்கு வழிகாட்டும் குறிப்புகளை எழுதுவோரும், அப்பகுதி உணவகங்களின் பட்டியலைத் தமிழில் அச்சிடுவோரும் ‘கேரமலைஸ்டு ஆனியன்’ என்று எழுத்துப் பெயர்ப்பதை நிறுத்திவிட்டு, ‘சிவக்கச் சுருள வதக்கிய வெங்காயம்’ என்று எழுதுங்கள். குறிப்பானால் ‘சிறுதீயில் 45 நிமிடம்’ என்பதையும் சேர்த்து எழுதுங்கள். படிப்பவருக்கு வேறு விளக்கம் தேவைப்படாது.