கொல்லமும் செவ்வாயும்

கதை எழுதுகிறவனுக்குப் புதிதாக ஓர் ஊரை உண்டாக்குவது பெரிய காரியமல்ல. ஓர் ஆறு, ஒரு கோவில், நாலு தெரு என்று வரைந்து மனிதர்களைக் குடியேற்றிவிடலாம். அந்த ஊருக்கென்று ஒரு பஞ்சாங்கம் செய்யப் புகுந்தால்தான் சங்கடம். நாளையும் மாதத்தையும் வருஷத்தையும் வானம் கொடுத்துவிடும். எந்த நாளிலிருந்து எண்ணத் தொடங்குவது என்பதை வானம் சொல்லாது. அதை மனிதர்கள்தாம் கூடி ஒப்புக்கொள்ள வேண்டும்.

மனிதர் யாருமே இல்லாத இடத்துக்கும் பஞ்சாங்கம் செய்த ஒருவர் இருக்கிறார். தாமஸ் காங்கேல் என்ற அமெரிக்கர் 1985-இல் செவ்வாய்க் கிரகத்துக்கு ஒன்றை வகுத்து, தம் மகன் டேரியஸின் நினைவாக ‘டேரியன்’ என்று பெயர் வைத்தார். செவ்வாயில் ஒரு நாள் நம் நாளைவிடச் சுமார் 40 நிமிஷம் நீளம்; வருஷத்துக்கு 668 நாளும் சொச்சமும். அதை 24 மாதமாகப் பிரித்தார். பெயர்களில் பாதி லத்தீன்; மறுபாதி நம்முடைய ராசிகள்: மகரம், கும்பம், மீனம், சிம்மம், கன்னி, துலாம்!

குலசேகரன்பட்டினத்துக்காரர்களுக்கு இந்தப் பெயர்கள் அந்நியமல்ல. ஆரல்வாய்மொழிக் கணவாயைத் தாண்டினால் மலையாள மாதங்கள் இவையே. அந்தக் கொல்லம் ஆண்டு கி.பி. 825-இல் தொடங்கியது. கணவாயைக் கடந்து கிழக்கே வந்து, திருநெல்வேலிச் சீமையின் ஓலைகளிலும் பத்திரங்களிலும் உட்கார்ந்துகொண்டது. மாதப் பெயரை மட்டும் நம்மவர்கள் ஆவணி, புரட்டாசி என்றே வைத்துக்கொண்டார்கள்.

ஏன் இந்த இரவல் கணக்கு? நம் அறுபது வருஷப் பெயர்களில் ஒரு குறை உண்டு. ‘கர வருஷம் பிறந்தவன்’ என்றால் அது 1891-ஆ, 1951-ஆ, 2011-ஆ? சக்கரம் சுற்றிக்கொண்டே இருக்கும். வட்டி கணக்குப் பார்க்கிறவனுக்கு அது போதாது. திரும்பி வராத ஓர் எண் வேண்டும். அதைக் கொல்லம் கொடுத்தது.

ஒருமுறை உறவினர் ஒருவர் பழைய பத்திரம் ஒன்றை என்னிடம் நீட்டினார்.

“அய்யா, இதுல 1060-ன்னு போட்டிருக்கு. ராஜராஜ சோழன் காலத்தை ஒட்டி நம்ம தாத்தாவுக்கு ஏது பனங்காடு? இது கள்ளப் பத்திரம்னு பேரன் சொல்லுதான்.”

அவர் முகத்தில் கவலை இருந்தது. பரம்பரைச் சொத்தல்லவா!

கொல்லம் ஆண்டோடு, ஆவணி முதல் டிசம்பர் வரை 824-ஐயும், அதன் பின் 825-ஐயும் கூட்ட வேண்டும். பத்திரத்தில் ஆவணி மாதம். ஆகவே 1884. ஆனால் இதிலும் ஒரு சிக்கல். திருநெல்வேலியிலும் தென் மலையாளத்திலும் கொல்லம் ஆண்டு ஆவணியில் பிறக்கும்; வட மலையாளத்தில் கன்னியில், அதாவது புரட்டாசியில் பிறக்கும். நமக்கு முதல் மாதமான ஆவணி, அவர்களுக்குக் கடைசி மாதம். அவர்கள் கணக்கில் அதே ‘1060 ஆவணி’ 1885-இல் வரும்!

நல்லவேளையாக எழுதியவர் புத்திசாலி. எண்ணுக்குப் பக்கத்திலேயே ‘தாரண வருஷம்’ என்று எழுதியிருந்தார். 1884 ஆவணி தாரணத்தில்தான் வரும். அடுத்த ஆவணி பார்த்திபத்துக்குப் போய்விடும். போதாது என்று நான் சொன்ன அறுபதாண்டுச் சக்கரமே வந்து சாட்சி சொல்லிற்று. பேரன் வாய் திறக்கவில்லை.

825-இல் அப்படி என்ன நடந்தது? கொல்லத்துத் துறைமுகம் எழுந்த ஆண்டு என்பார்கள் சிலர். சப்தரிஷி கணக்கில் நூறுகளைக் கழித்த மிச்சம் என்பார்கள் சிலர். வழக்கு இன்னும் தீரவில்லை. செவ்வாய்க்கும் இதே வழக்கு உண்டு. தொலைநோக்கியை நினைத்து 1609-லிருந்து எண்ணச் சொன்னார் காங்கேல். விஞ்ஞானிகளோ 1955 ஏப்ரல் 11-ஐ முதல் வருஷத்தின் முதல் நாளாக வைத்துக்கொண்டார்கள்.

குலசேகரன்பட்டினத்தில் 2024 பிப்ரவரி 28-இல் ராக்கெட் ஏவுதளத்துக்கு அடிக்கல் நாட்டினார்கள். அங்கே கணக்கு விநாடியில் ஓடும். முத்தாரம்மன் தசராவுக்கோ அமாவாசைதான் கணக்கு; பத்தாம் நாள் கடற்கரையில் சூரசம்ஹாரம். இரண்டு கணக்கும் ஒரே மணலில் இருந்துவிட்டுப் போகட்டும். ஒன்றை ஒன்று கெடுக்காது. எனக்குள்ள கவலை பழைய பெட்டிகளைப் பற்றியது. கொல்லம் எண்ணைப் படிக்கத் தெரிந்தவர்கள் போய்விட்டால், உண்மையான பத்திரமெல்லாம் கள்ளப் பத்திரமாகிவிடும். வீட்டில் ஒருவராவது அந்த 824-ஐத் தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள்.

செவ்வாயின் பஞ்சாங்கத்தில் ஒரு குறையும் இல்லை. அதில் தேதி போட்டு இன்னும் யாரும் கடன் வாங்கவில்லை, அவ்வளவுதான்.