அரக்குத் தட்டும் 24 பிட்டும்

தமிழகத்தின் கேத்தியில் இன்று ஹெட்போன் மாட்டி, ப்ளூஸ் சாயல் கொண்ட பாப் ஆல்பத்தை ஹை-ரெஸ் தரத்தில் கேட்பவருக்கு அந்த இசையோடு ஒரு பழைய உறவு உண்டு.

1920இல் மேமி ஸ்மித் பாடிய ‘கிரேஸி ப்ளூஸ்’ அரக்கு இசைத்தட்டில்தான் வெளிவந்தது. அக்காலத் தட்டுகளுக்கான அரக்கு பெரும்பாலும் இந்தியாவிலிருந்து கப்பலேறியது. நிமிடத்துக்கு 78 சுற்று, பக்கத்துக்குச் சுமார் 3 நிமிடம். ஒவ்வொரு பக்கத்துக்கும் புது எஃகு ஊசி. அந்த 3 நிமிடத்துக்குள் ப்ளூஸும் சுருங்கியது, நம் கீர்த்தனையும் ஆலாபனையைக் குறைத்துக்கொண்டது.

1948இல் எல்.பி. தட்டு வந்து பக்கத்துக்கான நேரத்தைக் கூட்டியது. 1978இல் ‘ப்ரியா’ படப் பாடல்களை இளையராஜா ஸ்டீரியோவில் தந்தார். 1982இல் வந்த சி.டி. 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ்; இன்றைய ஹை-ரெஸ் கோப்பு பெரும்பாலும் 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ்.

மூலப்பதிவில் இல்லாத ஒலியை எந்தக் கோப்பும் தராது. வாங்குமுன் அந்த இசை எப்போது, எதில் பதிவானது என்று பாருங்கள்.